காலைச் சாப்பாட்டுக்குத் தயிர் ஐஸ் பழம்: மலையக வீடுகளுக்கான செய்முறை

ஐஸ் பழம் என்றால் திருவிழாவிலும் பாடசாலை வாசலிலும் வாங்கித் தின்கிற பொருள் என்றுதான் நமக்குப் பழக்கம். சாயமும் சீனியும் தண்ணீரும் கலந்து உறைய வைத்த அந்தக் குச்சியைக் காலையில் பிள்ளைக்குக் கொடுக்க எந்தத் தாய்க்கும் மனம் வராது. வரவும் கூடாது. இங்கே சொல்லப்போவது வேறு சாமான். கெட்டித் தயிர், நம் மலையில் விளைகிற பழம், கொஞ்சம் கித்துள் பாணி (கித்துள் மரத்துப் பாகு), ஒரு பிடி வறுத்த அவல். இதையெல்லாம் ஒரு கிண்ணத்தில் போட்டு வைத்தால் காலைச் சாப்பாடு என்று யாரும் ஒப்புக்கொள்வார்கள். அதையே முதல் நாள் இரவு குச்சி குத்தி உறைய வைத்தால், ரொட்டியைத் தள்ளிவிட்டு வெறும் தேத்தண்ணியோடு பஸ்ஸுக்கு ஓடுகிற பிள்ளைகூட சப்பாத்துப் போட்டுக்கொண்டே தின்று முடித்துவிடும்.

"இந்தக் குளிரில் காலையில் ஐஸா? தடிமன் பிடிக்காதா?" என்று வீட்டில் அம்மாயியோ அப்பாயியோ கேட்கத்தான் செய்வார்கள். தடிமனைக் கொண்டுவருவது வைரஸ். குளிர்ந்த சாப்பாட்டால் அது வருவதில்லை. ஆனாலும் தொண்டை வலியோடு இருக்கிற பிள்ளையை வற்புறுத்த வேண்டாம். காலநிலையையும் பார்த்துக்கொள்ளுங்கள். ஹட்டன், தலவாக்கலை, நுவரெலியா பக்கம் ஜனவரியிலிருந்து ஏப்ரல் வரை பகலில் நல்ல வெயில். ஊவா பக்கம், பதுளை, பண்டாரவளை, ஹப்புத்தளையில் ஜூனிலிருந்து செப்டெம்பர் வரை காற்றும் வெயிலுமான வறண்ட காலம். அந்த மாதங்களுக்குத்தான் இது பொருத்தம். ஹட்டன், நுவரெலியா பக்கத்து ஆடி மழையில் மூடுபனி வாசலுக்கே வந்து நிற்கிறபோது சுடச்சுடக் கஞ்சியே நல்லது.

முதல் தடவை: கப் யோகட்டும் ஒரு குச்சியும்

இதுவரை செய்து பார்க்காதவர்கள் இதிலிருந்தே ஆரம்பிக்கலாம். கடையில் விற்கிற 80 கிராம் யோகட் கப் ஒன்று வாங்குங்கள். மேல் தாளை உரிக்காமல் நடுவில் கத்தி முனையால் சின்னக் கீறல் போட்டு, அதன் வழியாக ஐஸ் குச்சியை இறக்குங்கள். யோகட் கெட்டியாக இருப்பதால் குச்சி தானாகவே நேராக நிற்கும். இரவு ஐஸ் பெட்டியில் வைத்தால் காலையில் தயார். கப்பை இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் உருட்டி, அடியை அமுக்கினால் வெளியே வந்துவிடும்.

தின்று பார்த்தால் இரண்டு விஷயம் தெரியும். கொஞ்சம் நறநறவென்று ஐஸ் கடிபடும். இனிப்பும் குறைந்தது போல இருக்கும். இந்த இரண்டையும் சரிசெய்வதுதான் இனி வரும் வேலை முழுதும். ஒன்றைக் கவனியுங்கள்: கடை யோகட் பலவற்றில் ஜெலட்டின் சேர்க்கிறார்கள். அது மிருகத்திலிருந்து எடுப்பது. வீட்டில் சைவம் என்றால் கப்பின் பக்கத்தில் அச்சிட்டிருப்பதை ஒரு முறை வாசித்துவிட்டு வாங்குங்கள்.

ஏன் கல்லாகிறது

தயிரில் பெரும்பகுதி தண்ணீர். பழத்திலும் அப்படித்தான். தண்ணீர் உறைந்தால் ஐஸ் ஊசிகள். அவை பெரிதாக வளர்ந்தால் பல்லுக்குக் கல். அவற்றைச் சிறிதாக வைக்க மூன்று வழி இருக்கிறது. தண்ணீரைக் குறைப்பது, இனிப்பையும் கொழுப்பையும் அளவாகச் சேர்ப்பது, சீக்கிரமாக உறைய வைப்பது. இனிப்பு தண்ணீரின் உறைநிலையைக் கீழே இறக்கிவிடும். அதனால் ஐஸ் பழம் கடிக்கிற பதத்தில் நிற்கும். இனிப்பே போடாவிட்டால் கல், அளவுக்கு மீறினால் உறையவே உறையாமல் கூழ். இந்த நடு இடத்தைப் பிடித்துவிட்டால் எந்தப் பழத்தையும் போட்டுச் செய்யலாம்.

தயிர்

கையில் காசிருந்தால் எருமைத் தயிர்ச் சட்டி ஒன்று வாங்கிக்கொள்ளுங்கள். எருமைப் பாலில் பசும்பாலைவிடக் கொழுப்பு மிக அதிகம், மண்சட்டியும் தண்ணீரை உறிஞ்சிக்கொள்ளும். ஆகவே வடிக்காமலே வேலை பாதி முடிந்த மாதிரி. இதற்கு எருமைத் தயிரைத் தாண்டி ஒன்றும் இல்லை என்பது என் எண்ணம்.

தோட்டத்து வீடுகளில் மாடு வளர்க்கிறவர்களுக்கு அந்தச் செலவும் தேவையில்லை. ஆனால் குளிர் ஊரில் தயிர் உறைய வைப்பதே தனி வேலை. நுவரெலியா டவுன் கடல் மட்டத்திலிருந்து 1,868 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. வருஷச் சராசரி வெப்பமே 16 பாகை அளவுதான். பாலைத் தயிராக்குகிற உறைக்கிருமி நன்றாக வேலை செய்வது 40 முதல் 45 பாகைச் சூட்டில். கொழும்பில் மேசையில் வைத்தாலே உறைகிற பால், இங்கே காலையிலும் பாலாகவே இருக்கும்.

அதற்கு இப்படிச் செய்யுங்கள். ஒரு லீற்றர் பாலை நன்றாகக் கொதிக்க வைத்து, பிறகு சிறு தீயில் பத்து நிமிஷம் கிண்டிக்கொண்டே வற்ற விடுங்கள். இறக்கி ஆற விட்டு, கழுவிய சுண்டு விரலை விட்டால் சூடு தெரிய வேண்டும், ஆனால் பத்து எண்ணும்வரை விரலை வைத்திருக்க முடிய வேண்டும். அந்தப் பதத்தில் இரண்டு மேசைக்கரண்டி பால்மாவை, கட்டி தட்டாமல் கொஞ்சம் பாலில் கரைத்து ஊற்றுங்கள். பால்மா தண்ணீரின் பங்கைக் குறைத்துத் தயிரைக் கெட்டியாக்கும். பிறகு இரண்டு தேக்கரண்டி பழைய தயிர் அல்லது இனிப்பில்லாத யோகட்டைக் கலக்கி ஊற்றுங்கள். பாத்திரத்தை முதலிலேயே சுடுதண்ணீரில் அலசிச் சூடாக்கியிருக்க வேண்டும். இதைத்தான் பலரும் மறந்துவிடுகிறார்கள். குளிர்ந்த எவர்சில்வர் சட்டி பாலின் சூட்டை ஒரே நொடியில் இழுத்துவிடும். மூடி, தடித்த துவாயால் இரண்டு சுற்றுச் சுற்றி, விறகடுப்பு அணைந்த பிறகு கணகணப்பு மட்டும் மிச்சமிருக்கிற அடுப்பு மேடையில் ஒதுக்கி வையுங்கள். அடுப்பு இல்லாவிட்டால் சாப்பாடு கொண்டு போகிற ஹொட் பொக்ஸ் போதும். ரைஸ் குக்கரை "வார்ம்" நிலையில் போட்டு அதற்குள் வைக்காதீர்கள். அந்தச் சூட்டில் உறைக்கிருமி செத்துவிடும். ஆறு மணி நேரத்தில் உறைய வேண்டிய தயிர் இங்கே பத்து, பன்னிரண்டு மணி நேரம் எடுக்கலாம். இடையில் திறந்து ஆட்டிப் பார்க்க வேண்டாம்.

உறைந்த தயிரை மெல்லிய, சுத்தமான வெள்ளைத் துணியில் கொட்டி, மூட்டையாகக் கட்டி, குசினி ஆணியில் தொங்கவிட்டு, கீழே ஒரு சட்டி வையுங்கள். சொட்டுச் சொட்டாகப் பச்சை மஞ்சள் நிறத்தில் தண்ணீர் இறங்கும். மூன்று மணி நேரத்தில் தயிர், கரண்டியைக் கவிழ்த்தாலும் விழாத கெட்டிக்கு வந்துவிடும். நம் குளிரில் இப்படித் தொங்கும்போது தயிர் புளித்துப்போகிற பயம் குறைவு. இந்த ஒரு விஷயத்தில் குளிர் நமக்கு உதவி. இறங்கிய தண்ணீரைக் கொட்டிவிடாதீர்கள். ரொட்டிக்கு மா பிசைய அதைவிட நல்ல தண்ணீர் கிடையாது.

ஸ்ட்ரோபெரித் தயிர் ஐஸ் பழம்

யோகட் கப் அளவில் எட்டு முதல் பத்து வரும். வடித்த தயிர் 2 கப், ஸ்ட்ரோபெரி 250 கிராம், நன்றாகப் பழுத்த கோழிக்கூட்டு வாழைப்பழம் 1, கித்துள் பாணி 4 மேசைக்கரண்டி, சீனி 1 மேசைக்கரண்டி, பால்மா 2 மேசைக்கரண்டி, உப்பு ஒரு சிட்டிகை. மேலே போட வறுத்த அவல் அரைக் கப்.

ஸ்ட்ரோபெரியைக் கழுவிய பிறகே காம்பைக் கிள்ளுங்கள். கிள்ளிவிட்டுக் கழுவினால் தண்ணீர் உள்ளே போய்விடும். நான்காக வெட்டி, சீனியைத் தூவி இருபது நிமிஷம் வையுங்கள். சிவப்புச் சாறு ஊறி வந்திருக்கும். அதை அப்படியே சிறு தீயில் ஐந்தாறு நிமிஷம், சாறு கரண்டியில் ஒட்டுகிற வரை வற்ற விட்டு இறக்குங்கள். பச்சைப் பழத்தையே போடலாமே என்று தோன்றும். போட்டால் ஒவ்வொரு துண்டும் வாயில் ஐஸ் கட்டியாகக் கடிபடும். நுவரெலியாப் பழத்துக்கு உள்ள அந்த இனிப்பும் புளிப்பும் நாக்குக்கு எட்டாது. வற்ற வைத்த பழமோ உறைந்தாலும் மெதுவாக இருக்கும். முற்றாக ஆறிய பிறகுதான் தயிரில் சேர்க்க வேண்டும்.

வாழைப்பழத்தைக் கட்டியில்லாமல் மசியுங்கள். தோலில் கறுப்புப் புள்ளி விழுந்த பழமே வேண்டும். உறைந்த பிறகும் மெதுமெதுவென்று நிற்க அதுதான் காரணம். தயிர், பாணி, பால்மா, உப்பு, வாழைப்பழம் எல்லாவற்றையும் மத்தால் கடையுங்கள். பிளெண்டர் இருந்தால் நல்லது, இல்லாவிட்டால் குறை ஒன்றும் இல்லை. இப்போது ஒரு கரண்டி எடுத்துச் சுவைத்துப் பாருங்கள். கொஞ்சம் கூடுதலாக இனிக்கிறதே என்று தோன்ற வேண்டும். குளிர்ந்த பண்டத்தில் நாக்குக்கு இனிப்புக் குறைவாகத்தான் தெரியும், ஆகவே சாதாரணச் சூட்டில் "சரியான இனிப்பு" என்றால் உறைந்த பிறகு சப்பென்று இருக்கும்.

கடைசியில் ஸ்ட்ரோபெரியை ஊற்றி இரண்டே இரண்டு சுற்றுக் கிண்டுங்கள். முழுதாகக் கலந்துவிட வேண்டாம். வெள்ளையில் சிவப்புக் கோடு ஓடுகிற மாதிரி விட்டால் ஒவ்வொரு கடிக்கும் ஒரு ருசி.

அவலைக் கால் தேக்கரண்டி நெய்யில் மொறுமொறுவென்று வறுத்து, ஆறியதும் ஒரு தேக்கரண்டி பாணியில் புரட்டி வையுங்கள். நெய் பூசியிருப்பதால் சீக்கிரத்தில் ஊறாது. வறுத்த கச்சானைப் பொடித்துச் சேர்த்தால் இன்னும் பசி தாங்கும்.

மற்றப் பழங்கள்

டவுனுக்குப் போய் விலை கொடுத்து வாங்குகிற பழம்தான் வேண்டும் என்றில்லை. லயத்துக்குப் பின்னால் நிற்கிற மரத்தக்காளியே எனக்கு மிகப் பிடித்தது. கொதிதண்ணீரில் இரண்டு நிமிஷம் போட்டு எடுத்தால் தோல் கழன்று வரும். அந்தத் தோல் கசப்பு, கட்டாயம் நீக்க வேண்டும். சதையைச் சீனியோடு வதக்கி, விதை வேண்டாம் என்றால் வடியில் அரித்துக்கொள்ளுங்கள். புளிப்பு அதிகம், ஆகவே பாணியை ஒரு மேசைக்கரண்டி கூட்டுங்கள். உறைந்தால் அதன் நிறத்துக்கே பிள்ளைகள் கேட்டு வாங்குவார்கள்.

வெலிமடை, பண்டாரவளைப் பக்கத்துப் பேர்ஸ் பழம் கடினம். பச்சையாகச் சேர்த்தால் பயனில்லை. தோல் சீவி, சின்னத் துண்டு கறுவாப்பட்டையோடு வேகவைத்து மசித்துக்கொள்ளுங்கள். கொடித்தோடையைப் பாதி விதையோடும் பாதி வடித்தும் ஊற்றலாம். அதைச் சமைக்கவே கூடாது, வாசம் போய்விடும். பட்டர் புரூட்டுக்கு வாழைப்பழமே தேவையில்லை, அதன் கொழுப்பே போதும். தேசிக்காய்ச் சாறு ஒரு தேக்கரண்டி விட்டால் கறுக்காது. கொய்யாவை அரைத்து அரித்துப் போடுங்கள்.

அன்னாசியில் மட்டும் எச்சரிக்கை. அதில் பாலின் புரதத்தைச் சிதைக்கிற நொதி ஒன்று இருக்கிறது. பச்சை அன்னாசியைத் தயிரில் கலந்து வைத்தால் கொஞ்ச நேரத்தில் தயிர் நீர்த்து, கசப்பு ஏறிவிடும். துண்டு துண்டாக வெட்டி ஐந்து நிமிஷம் கொதிக்க வைத்து ஆறவிட்டுச் சேர்த்தால் அந்த நொதி செயலிழந்துவிடும்.

அச்சு, குச்சி, உறைய வைப்பது

அச்சுக்குப் பழைய யோகட் கப்பைச் சுடுதண்ணீரில் கழுவிப் பாவிக்கலாம். அதைவிட நல்லது சின்ன எவர்சில்வர் டம்ளர்: உலோகம் குளிரை வேகமாகக் கடத்தும், வேகமாக உறைந்தால் ஐஸ் ஊசி சிறிதாக இருக்கும். கலவையை முதலில் ஒரு மணி நேரம் பிரிட்ஜின் கீழ்த்தட்டில் குளிர வைத்துவிட்டு ஊற்றுவதும் இதே காரணத்துக்குத்தான். விளிம்புவரை ஊற்றாதீர்கள். தண்ணீர் உறையும்போது கிட்டத்தட்ட நூற்றுக்கு 9 பங்கு பெருக்கும், ஆகவே ஒரு விரல் அகலம் மேலே விடுங்கள். ஊற்றியதும் டம்ளரைப் பலகையில் இரண்டு முறை தட்டினால் உள்ளே சிக்கிய காற்று வெளியேறும்.

அவலை மேலே தூவி மெதுவாக அமுக்குங்கள். வெளியே எடுக்கும்போது அது கைப்பிடிப் பக்கமாக இருக்கும். கெட்டிக் கலவையானால் குச்சியை அப்போதே இறக்கலாம். தளர்வாக இருந்தால் ஒன்றரை மணி நேரம் கழித்து, பாதி உறைந்த நிலையில் குத்துங்கள். குச்சி இல்லையென்று ஈர்க்கை ஒடித்துக் குத்தாதீர்கள், முனை வாயில் குத்தும். சின்னத் தேக்கரண்டியைக் கவிழ்த்து வைத்தாலே நல்ல கைப்பிடி.

வீட்டிலிருக்கிற பிரிட்ஜைப் பொறுத்தே நேரம். தனி உறைபெட்டியில் -18 பாகை இருக்கும், ஐந்தாறு மணி நேரம் போதும். ஒற்றைக் கதவுப் பிரிட்ஜின் உள்ளே இருக்கிற சின்ன ஐஸ் பெட்டி அந்த அளவுக்குக் குளிராது. அதில் முழு இரவும் வேண்டும். குமிழை அதிக குளிருக்குத் திருப்பி, டம்ளர்களை அடித்தட்டோடு ஒட்ட வையுங்கள். கருவாடோ மீனோ அதே பெட்டியில் இருந்தால் ஒவ்வொன்றின் மேலும் பொலித்தீன் இறுக்கிக் கட்டுங்கள். பால் பண்டம் மணத்தை இழுத்துக்கொள்ளும். பிறகு எந்தப் பாணியும் அதை மறைக்காது.

உறைய வைத்தால் தயிரிலுள்ள நல்ல கிருமிகள் எல்லாம் செத்துப்போகுமா என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். பெரும்பகுதி சாகாது, செயலற்றுக் கிடந்து, வயிற்றில் சூடு கண்டதும் எழும்பும். கெட்ட கிருமியும் அப்படித்தான் என்பதையும் மறக்க வேண்டாம். பச்சைப் பாலைக் கொதிக்க வைக்காமல் இதைச் செய்யவே கூடாது.

காலையில்

எழும்பியதும் தேத்தண்ணிக்குத் தண்ணீர் வைக்கிறபோதே ஐஸ் பழத்தை வெளியே எடுத்துவிடுங்கள். ஐந்து, பத்து நிமிஷம் இருக்கட்டும். உறைபெட்டியிலிருந்து எடுத்த உடனே தின்றால் உதட்டில் ஒட்டும், ருசியும் தெரியாது. பிறகு டம்ளரை இளஞ்சூட்டுத் தண்ணீரில் பத்து எண்ணும்வரை பிடித்து, குச்சியைத் திருகாமல் நேராக இழுங்கள். சுடுதண்ணீர் வேண்டாம், வெளிப்பக்கம் உருகி வழிந்துவிடும்.

சிறு பிள்ளைக்கு ஒன்றும் அதோடு ஒரு அவித்த முட்டையும் போதும். காலையில் பெரட்டுக்கு (தோட்டத்தில் வேலைக்கு ஆள் பிரிக்கிற இடத்துக்கு) போய் மதியம்வரை மலையில் நிற்கிறவருக்கு இது ஒன்றே சாப்பாடாகாது. ரொட்டியோ அவித்த கடலையோ சேர்த்தே ஆகவேண்டும். ஒரு வயதுக்குக் குறைந்த குழந்தைக்குச் செய்தால் பாணிக்குப் பதிலாகத் தேன் சேர்க்கவே கூடாது. தேனில் இருக்கக்கூடிய ஒரு கிருமி அந்த வயதில் ஆபத்து. ஐந்து வயதுக்குட்பட்டவர்களுக்கு முழுக் கச்சானும் வேண்டாம், பொடித்தே போடுங்கள். கித்துள் பாணி நல்லதுதான் என்று சீனி வருத்தக்காரருக்குத் தாராளமாகக் கொடுத்துவிடாதீர்கள். அதுவும் இனிப்புத்தான், அவர்களுக்குப் பாணியைக் குறைத்து வாழைப்பழத்தையும் பாதியாக்கிச் செய்யுங்கள். கொஞ்சம் கடினமாக உறையும், பத்து நிமிஷம் கூடுதலாக வெளியே வைத்தால் சரியாகும்.

டம்ளரிலிருந்து கழற்றியவற்றைப் பொலித்தீன் பையில் காற்றுப் போகாமல் சுற்றி வைத்தால் இரண்டு வாரம் நல்ல ருசியோடு இருக்கும். அதற்குமேல் வெளிப்பக்கம் உலர்ந்து வெண்பனி பிடிக்கும். ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் ஒரு தடவை செய்தால் பாடசாலை வாரம் ஐந்து நாளைக்கும் ஆகும்.

மின்சாரம் போனால் உறைபெட்டிக் கதவைத் திறக்காதீர்கள். திரும்ப வந்த பிறகு பாருங்கள். நடுவில் இன்னும் ஐஸ் இருந்தால் மறுபடி உறைய விடலாம், கொஞ்சம் நறநறப்புக் கூடும், அவ்வளவுதான். முழுதாகக் கரைந்திருந்தாலும் தொட்டால் இன்னும் ஜில்லென்று இருந்தால், டம்ளரில் ஊற்றிக் கலக்கி அன்றைக்கே குடித்து முடித்துவிடுங்கள். குளிர் விட்டு மணிக்கணக்காகக் கிடந்ததென்றால் யோசிக்காமல் கொட்டிவிடுங்கள்.